கையெழுத்து எப்போதோ போட்டாயிற்று: ‘ஆர்யா’ தொடரை முன்வைத்து

கேள்வி, 17 பிப்ரவரி 2024

“‘ஆர்யா’ கடைசிப் பகுதி வரை பார்த்து முடித்தேன். சுஷ்மிதா சென்னுக்காகப் பார்க்கலாம், அவ்வளவுதான். நேற்று வரை பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்பிக்கொண்டிருந்த பெண், புருஷன் செத்த சூடு ஆறுவதற்குள் போதைக் கும்பலை நடத்துகிறாளாம். தொழில் தெரியாத ஒருத்தி இப்படித் திடீரென்று தலைவியாக முடியுமா? நல்லா காதில் பூச்சுற்றுகிறார்கள். மறுப்பவர்கள் வரலாம்.”

17 பிப்ரவரி, இரவு

வந்துவிட்டேன்.

முதல் எபிசோடை மறுபடி போட்டுப் பாருங்கள். ‘தொழில் தெரியாத ஒருத்தி’ என்பது நீங்கள் சேர்த்துக்கொண்டது. அவள் ஜோராவர் ராத்தோரின் மகள். அப்பாவின் பணம் எந்தப் பயிரில் விளைந்தது என்று தெரியாமல் அந்த வீட்டில் யாரும் வளர முடியாது. கணவன் தேஜ் சுடப்படுவதற்கு முன்பே, இந்தத் தொழிலை விட்டு விலகு என்று அவனோடு மல்லுக்கு நிற்கிறாள். விலகச் சொல்பவளுக்கு எதிலிருந்து விலகச் சொல்கிறோம் என்று தெரிந்திருக்கும்தானே?

என் குறை வேறு. ஆரம்பத்தில் இவ்வளவு தெளிவாகச் சொன்னதைத் தொடரே பிறகு மறந்துவிடுகிறது. அவளை ஒன்றும் அறியாத பேதையாக்கி, ஒவ்வொரு படியாகக் கெட்டுப்போக வைத்து, நம்மை உச்சுக்கொட்ட வைக்கிறது. எனக்கு உச்சுக்கொட்ட வரவில்லை. ஏன் என்று நாளை எழுதுகிறேன். தூக்கம் வருகிறது.

18 பிப்ரவரி, காலை

பார்க்காதவர்கள் இரண்டு பேர் கதை என்ன என்று கேட்டிருக்கிறார்கள். கதை உடையும், பரவாயில்லையென்றால் படியுங்கள்.

ராஜஸ்தான். பணக்காரக் குடும்பம். வெளியே மருந்து கம்பெனி, உள்ளே அபின். தேஜ் சரீன் (சந்திரசூர் சிங்), அவன் மைத்துனன் சங்க்ராம், கூட்டாளி ஜவாஹர் மூவரும் நடத்துகிறார்கள். ஹெராயினுக்குள் இறங்கலாமா கூடாதா என்று தகராறு. தேஜ் சுடப்படுகிறான். ஷெகாவத் என்ற கடத்தல்காரனின் சரக்கு காணாமல் போயிருக்கிறது, அதற்குப் பதில் சொல்ல வேண்டிய பொறுப்பு மனைவி தலையில் விழுகிறது. ஒரு பக்கம் ஷெகாவத், மறுபக்கம் போதைத் தடுப்பு அதிகாரி கான், நடுவில் மூன்று பிள்ளைகள். எல்லோரும் ஒரு பென் டிரைவைத் தேடி அலைகிறார்கள்.

2020 ஜூனில் ஹாட்ஸ்டாரில் வந்தது. ராம் மாத்வானி உருவாக்கியது. இரண்டாம் பருவம் 2021 டிசம்பர். மூன்றாவது 2023 நவம்பரில் பாதி, இந்த மாதம் 9ஆம் தேதி மீதி. மூலம் நம் ஊருடையது இல்லை. ‘பெனோஸா’ என்ற டச்சுத் தொடர், 2010 முதல் 2017 வரை ஓடியது. அதே கதையை அமெரிக்காவில் 2013இல் ‘ரெட் விடோ’ என்று எடுத்து ஒரே பருவத்தோடு கடையை மூடினார்கள். ஸ்வீடன்காரர்களும் எடுத்தார்கள், அங்கே பல வருடம் ஓடியது. ஆக, புருஷன் செத்தபின் பொறுப்பெடுக்கும் பெண் எல்லா ஊரிலும் விலைபோகும் சரக்கு.

18 பிப்ரவரி, மாலை

இப்போது என் கதை. நான் ஒரு ஆடிட்டர் அலுவலகத்தில் பல வருடம் வேலை பார்த்தவள். கணக்கு எழுதுவது, ரிட்டர்ன் தாக்கல் செய்வது, கம்பெனிப் பதிவு வேலை. குற்றவாளிகள் யாரும் எங்கள் கட்சிக்காரர்கள் இல்லை (எனக்குத் தெரிந்து). சாதாரணக் குடும்பத் தொழில்கள்.

எங்கள் அலுவலகத்தில் ஒரு மேசை டிராயர் உண்டு. திறந்தால் பென் டிரைவ் மாதிரி நிறைய கிடக்கும். ஒவ்வொன்றிலும் வெள்ளை ஸ்டிக்கர் ஒட்டி, பால்பாயிண்ட் பேனாவில் பெயர் எழுதியிருக்கும். டிஜிட்டல் கையெழுத்து டோக்கன்கள். கம்பெனியின் இயக்குநர் தன் கையில் வைத்திருக்க வேண்டியவை. எங்கள் டிராயரில் இருந்தவற்றில் பாதிக்கு மேல் பெண் பெயர்கள். பிரைவேட் லிமிடெட் ஆரம்பிக்கக் குறைந்தது இரண்டு இயக்குநர் வேண்டும், இரண்டாவது ஆள் யார்? சம்சாரம்தான். அந்த அம்மாக்களில் பலரை நாங்கள் பார்த்ததே இல்லை. அவர்களுடைய பான் எண், பிறந்த தேதி, அப்பா பெயர் எல்லாம் மனப்பாடம். முகம் மட்டும் பாஸ்போர்ட் போட்டோவில்.

காகிதக் காலத்தில் இன்னும் எளிது. கையெழுத்துப் போட வேண்டிய இடத்தில் பென்சிலால் ஒரு டிக் போட்டு, கோப்பைப் பையனிடம் கொடுத்து அனுப்புவோம். மாலைக்குள் கையெழுத்தோடு திரும்பி வரும். கடன் பத்திரம், ஜாமீன் பத்திரம், பங்கு மாற்றம், எதுவாக இருந்தாலும் சரி.

‘ஆர்யா’வில் எல்லோரும் பென் டிரைவைத் தேடி ஓடும்போது எனக்கு இந்த டிராயர்தான் கண்ணில் வந்தது. கதாநாயகியின் பெயரில் ஒன்று எங்காவது ஒரு ஆடிட்டர் மேசைக்குள் கிடந்திருக்கும். அதைத் தேடியிருக்கலாம்.

19 பிப்ரவரி

“கையெழுத்துப் போட்டால் தொழில் தெரிந்ததாகிவிடுமா?” என்று கேட்டிருக்கிறீர்கள். நியாயமான கேள்வி. ஆகிவிடாது. ஆனால் சட்டம் தெரிந்ததாகத்தான் எடுத்துக்கொள்ளும். 1985ஆம் ஆண்டுப் போதைப்பொருள் சட்டத்தில் 35ஆம் பிரிவு என்று ஒன்று. குற்ற எண்ணம் தேவைப்படும் வழக்கில், அந்த எண்ணம் இருந்தது என்றே நீதிமன்றம் முதலில் எடுத்துக்கொள்ளும். இல்லை என்று காட்ட வேண்டியது குற்றம் சாட்டப்பட்டவர். வழக்கமான குற்ற வழக்கின் தலைகீழ்.

அதே சட்டத்தில் 1989இல் சேர்த்த ஒரு அத்தியாயம் இருக்கிறது, சொத்துப் பறிமுதல் பற்றி. யார் யாருடைய சொத்தை எடுக்கலாம் என்ற பட்டியலில் தண்டிக்கப்பட்டவர் மட்டும் இல்லை. அவருடைய உறவினர்களும் உண்டு, மனைவி முதல் ஆளாக. நோட்டீஸ் வந்தபின், இது நேர்மையாகச் சம்பாதித்தது என்று நிரூபிக்கும் சுமை அந்தப் பெண்மீது.

அதற்கு மேல் அமலாக்கத்துறை. 2002ஆம் ஆண்டுச் சட்டவிரோதப் பணப் பரிவர்த்தனைத் தடுப்புச் சட்டப்படி 180 நாள் வரை சொத்தைத் தற்காலிகமாக முடக்கி வைக்கலாம், பிறகு உறுதிசெய்யலாம். ஆர்யா இருக்கும் அந்த அரண்மனை மாதிரி வீட்டில் மூன்று பருவமாக யாரும் வந்து நோட்டீஸ் ஒட்டவில்லையே என்பதுதான் எனக்கு நம்ப முடியாத விஷயம். துப்பாக்கிச் சண்டையெல்லாம் நம்பிவிட்டேன்.

19 பிப்ரவரி, இரவு

ஒரு நண்பர் எழுதியிருக்கிறார்: “சர்வதேச எம்மி வாங்கிய தொடரை இப்படிக் குறை சொல்லலாமா?”

வாங்கவில்லை. 2021இல் சிறந்த நாடகத் தொடர் பிரிவில் பரிந்துரையானது. விருது ‘டெஹ்ரான்’ என்ற இஸ்ரேல் தொடருக்குப் போனது. வாங்கியிருந்தாலும் குறை சொல்லியிருப்பேன்.

21 பிப்ரவரி

“நிஜத்தில் அப்படி ஒரு பெண்ணைக் காட்டுங்கள் பார்ப்போம்” என்று சவால். கேட்டவர் குஜராத் பக்கம் போகவில்லை போலும்.

போர்பந்தர். காந்தி பிறந்த ஊர் என்றுதான் பள்ளிக்கூடத்தில் படித்திருப்போம். அங்கே சந்தோக்பென் ஜடேஜா. கணவர் சர்மன் முன்ஜா ஜடேஜா 1986இல் கொல்லப்பட்டார். மனைவி வீட்டுக்குள் முடங்கவில்லை. கணவரின் ஆட்கள் அவர் சொல்படி நடந்தார்கள் என்பதுதான் ஊர் அறிந்த வரலாறு. பல வழக்குகள் அவர்மீது இருந்தன. 1990இல் ஜனதா தளம் சார்பில் குதியானா தொகுதியில் நின்று சட்டமன்றத்துக்கே போனார். 2011இல் இறந்தார். அடுத்த ஆண்டு அதே தொகுதியில் அவருடைய மகன் ஜெயித்தார். ஷபானா ஆஸ்மிக்குத் தேசிய விருது வாங்கித் தந்த 1999ஆம் ஆண்டு ‘காட்மதர்’ படம் இவரை மனதில் வைத்து எடுத்தது என்று அப்போதே பேசப்பட்டது.

அந்த ஆட்கள் ஏன் அவர் சொன்னதைக் கேட்டார்கள் என்பதை யோசிக்க வேண்டும். நேற்று வரை முகம் தெரியாத ஒரு பெண் வந்து உத்தரவு போட்டால் யாரும் அசைய மாட்டார்கள். அந்த வீட்டில் யார் கையால் சோறு வாங்கினார்கள், யார் பிள்ளைக்குப் பள்ளிக் கட்டணம் யார் கொடுத்துவிட்டார், சிறைக்குப் போனவன் வீட்டுக்கு மாதாமாதம் பணம் யார் அனுப்பினார், இதையெல்லாம் கும்பல் பார்த்திருக்கும். இது என் ஊகம்தான். ஆனால் எந்தக் குடும்பத் தொழிலிலும், முதலாளி இல்லாத நாளில் ஊழியர் யார் முகத்தைப் பார்க்கிறார் என்று கவனித்தால் புரியும்.

‘ஆர்யா’வில் இந்த வேலையைச் செய்வது தௌலத் (சிக்கந்தர் கேர்). அப்பாவின் விசுவாசி, மகளுக்குக் காவல். தொடரிலேயே எனக்கு முழுசாக நம்ப முடிந்த உறவு அது ஒன்றுதான். அவன் அவளுக்கு எதையும் சொல்லிக்கொடுப்பதில்லை. சின்ன வயதிலிருந்து பார்த்தவன், அவளுக்கு என்ன தெரியும் என்று அவனுக்குத் தெரியும்.

22 பிப்ரவரி

சிறு சந்தேகம், யாராவது தீர்க்கலாம். குடும்ப விழா வைத்தால் கொலை விழும் என்று தெரிந்தும் இவர்கள் ஏன் மறுபடி மறுபடி விழா வைக்கிறார்கள்? ஹோலி, பிறந்தநாள், கல்யாணம். நானாக இருந்தால் காதுகுத்தைக்கூட ரத்து செய்துவிடுவேன்.

24 பிப்ரவரி

‘சாஸ், பஹூ ஔர் ஃப்ளமிங்கோ’ பார்த்தவர்கள் கை தூக்குங்கள். 2023 மே, அதே ஹாட்ஸ்டார், ஹோமி அதஜானியா இயக்கம், எட்டு எபிசோட். டிம்பிள் கபாடியா மாமியார் சாவித்ரி. எல்லையோரப் பாலை நிலத்தில் ஒரு கற்பனை ஊர். வெளியே கைவினைப் பொருள் விற்கும் மகளிர் கூட்டுறவு, உள்ளே ‘ஃப்ளமிங்கோ’ என்ற பெயரில் போதை. இரண்டு மருமகள்கள் விநியோகம், மகள் ஆய்வகம். வெளிநாட்டிலிருந்து வரும் மகன்களுக்கு அம்மா என்ன வியாபாரம் செய்கிறாள் என்றே தெரியாது.

எனக்கு இதுதான் பிடித்தது. கிண்டலும் கோரமும் கலந்து, பல இடங்களில் கைமீறிப் போகிறது. மாங்க் என்ற வில்லன் (தீபக் தோப்ரியால்) ஏதோ வேறு கிரகத்துப் படத்திலிருந்து வழி தவறி வந்தவன் மாதிரி இருக்கிறான். அதெல்லாம் போகட்டும். யாருக்குத் தெரியும், யாருக்குத் தெரியாது என்ற கணக்கைத் திருப்பிப் போட்டது பாருங்கள், அதுதான் விஷயம். இங்கே ஒன்றும் அறியாத அப்பாவிகள் ஆண் பிள்ளைகள். உண்மை தெரிந்ததும் அவர்கள் முகத்தில் வரும் குழப்பம் இருக்கிறதே! அம்மா கொலைகாரி என்பதைவிட, பொண்டாட்டி தன்னைவிட நன்றாகச் சம்பாதிக்கிறாள் என்பதுதான் அதிகம் வலிக்கிறதோ என்று தோன்றியது.

சாவித்ரி யாருக்கும் ‘பிள்ளைகளுக்காகத்தான்’ என்று சமாதானம் சொல்லி அழுவதில்லை. கட்டியது அவள், நடத்துவது அவள், அடுத்து யார் என்று முடிவு செய்யப்போவதும் அவள். மூன்று பெண்களையும் ஒருவருக்கொருவர் போட்டிக்கு நிறுத்தி வேடிக்கை பார்க்கிறாள். கொஞ்சம் கொடூரம்தான். ஆனால் ஆண் முதலாளிகள் மகன்களிடம் செய்வதை அப்படியே செய்கிறாள்.

24 பிப்ரவரி, பிற்பாடு

கூட்டுறவு என்ற மறைப்பு சும்மா வைத்ததில்லை என்று நினைக்கிறேன். ஊறுகாய், எம்ப்ராய்டரி, மூலிகை என்று பெண்கள் கூடி வேலை செய்யும் இடத்தை எந்த அதிகாரியும் இரண்டாம் முறை திரும்பிப் பார்க்க மாட்டார். பாராட்டிப் பேசிவிட்டுப் போவார். சால்வைகூடப் போர்த்துவார்.

சோதனை போட வந்தாலும் சட்டத்தில் ஒரு முடிச்சு உண்டு: போதைப்பொருள் சட்டம் 50ஆம் பிரிவுப்படி ஒரு பெண்ணின் உடலைப் பெண்தான் சோதிக்க வேண்டும். அவசரத்தில் ஆண் அதிகாரிகள் மட்டும் கிளம்பிப் போனால் என்ன ஆகும் என்பதை யாராவது ஒரு முழு எபிசோடாக எடுக்கலாம்.

26 பிப்ரவரி

அபின் பற்றி மூன்று பேர் கேட்டுவிட்டார்கள். தலைப்பை விட்டு விலகுகிறது, இருந்தாலும் சுவாரசியமான விஷயம்.

இந்தியாவில் அபின் பயிரிடுவதே குற்றம் என்று நினைப்பவர்கள் பலர். இல்லை. மத்தியப் பிரதேசம், ராஜஸ்தான், உத்தரப் பிரதேசம் மூன்று மாநிலங்களில் அரசு அறிவிக்கும் பகுதிகளில் உரிமம் வாங்கிப் பயிரிடலாம். நீமச், மந்த்சௌர், சித்தோர்கட் பக்கமெல்லாம் சட்டப்படி நடக்கிற விவசாயம் இது. உரிமம் தருவது மத்தியப் போதைப்பொருள் பணியகம், தலைமையகம் குவாலியர். மாலையில் காயைக் கீறிவிட்டு, மறுநாள் காலை வடிந்திருக்கும் பாலை வழித்தெடுப்பார்கள். எடுத்த அவ்வளவையும் அரசிடமே ஒப்படைக்க வேண்டும். அது காசிப்பூரிலும் நீமச்சிலும் உள்ள அரசு ஆலைகளுக்குப் போகும். ஹெக்டேருக்கு இவ்வளவு என்று குறைந்தபட்ச அளவு இருக்கிறது. அண்மை ஆண்டுகளில் எடையைப் பார்க்காமல் அதிலுள்ள மார்ஃபினைக் கணக்கிட்டு, ஹெக்டேருக்கு 4.2 கிலோ என்று வைத்திருக்கிறார்கள். அதற்குக் கீழே போனால் அடுத்த வருட உரிமம் சந்தேகம். நம் சமையலறைக் கசகசாவும் அதே செடியின் விதைதான். விதையில் போதை இல்லை, பயப்பட வேண்டாம்.

ஒப்படைக்க வேண்டிய அளவுக்கு மேல் விளைந்தது எங்கே போகிறது என்பதில்தான் ‘ஆர்யா’ குடும்பத்தின் பணம் இருக்கிறது. தொடர் இந்தப் பக்கமே போகவில்லை. மருந்து கம்பெனி என்று ஒரு பலகை மாட்டிவிட்டு, நேரே கண்டெய்னருக்குப் போய்விட்டார்கள்.

கீறுவது, வழிப்பது, விதை அள்ளுவது என்று அந்த வயல்களில் பெண்கள் நிறைய வேலை செய்கிறார்கள். உரிமம் வைத்திருந்தவர் இறந்தால் வாரிசின் பெயருக்கு மாற்றவும் கொள்கையில் இடம் இருக்கிறது. ஆக, புருஷனுக்குப் பிறகு அபின் தொழிலுக்குப் பொறுப்பாகும் பெண் ராஜஸ்தானில் நிஜமாகவே உண்டு. விண்ணப்பப் படிவத்தோடு, அரசாங்க முத்திரையோடு. துப்பாக்கி இல்லாததால் அவளைப் பற்றி யாரும் தொடர் எடுப்பதில்லை.

27 பிப்ரவரி

பிடிபட்டால் எவ்வளவு தண்டனை என்று கேட்டவருக்கு: ஹெராயின் 250 கிராம், அபின் இரண்டரைக் கிலோ. இந்த அளவைத் தாண்டினால் ‘வணிக அளவு’. குறைந்தது பத்து வருடம், அதிகபட்சம் இருபது. ஜாமீன் குதிரைக்கொம்பு. இதைக் கேட்டது ஆர்வத்தில்தான் என்று நம்புகிறேன்.

2 மார்ச்

கொஞ்சம் யோசித்தேன். 18ஆம் தேதி எழுதியதில் ஒரு பக்கம்தான் வந்திருக்கிறது.

பென்சில் டிக் போட்ட இடத்தில் எல்லாம் கையெழுத்துப் போட்டவர்களை, ஏதோ ஏமாற்றப்பட்டவர்கள் மாதிரி எழுதிவிட்டதாக என் பழைய அலுவலகத் தோழி சொன்னாள். அவள் ஒரு ஆளை நினைவுபடுத்தினாள். மொத்த வியாபாரக் குடும்பம். வீட்டுக்காரருக்கு மாரடைப்பு, ஒரே நாளில் போய்விட்டார். காரியம் முடிந்த சில நாளில் அந்த அம்மா அலுவலகத்துக்கு வந்தார். பல வருடம் எங்கள் கோப்பில் கையெழுத்தாக மட்டுமே இருந்தவர். நாங்கள் எல்லோரும் மெதுவாக, குழந்தைக்குச் சொல்வது மாதிரி, லெட்ஜர் என்றால் இது, பாக்கி என்றால் இது என்று ஆரம்பித்தோம். அவர் பொறுமையாகக் கேட்டுவிட்டு, பையிலிருந்து ஒரு பழைய டைரியை எடுத்தார். யார் யாருக்கு எவ்வளவு கொடுக்க வேண்டும், யாரிடமிருந்து எவ்வளவு வர வேண்டும், எது கணக்கில் வந்தது, எது வராதது, எல்லாம் அவர் கையெழுத்தில். எங்கள் புத்தகத்தைவிடச் சரியாக இருந்தது. எங்கள் ஆடிட்டர் டைரியைப் பார்த்தார், அவரைப் பார்த்தார், “அம்மா காபி சாப்பிடுகிறீர்களா?” என்றார்.

“உங்களுக்கு இவ்வளவு தெரியும் என்று தெரியாதே” என்று நான்தான் கேட்டுவிட்டேன். “தெரியும்னு காட்டியிருந்தா, நீ ஏன் கேக்கறேன்னு வந்திருக்கும். தெரியாத மாதிரி இருந்தா பக்கத்துலயே உக்காந்து காய் நறுக்கலாம்.”

ஆக, தெரியாத மாதிரி இருப்பதும் ஒரு வேலைதான். வீட்டுக்குள் பேச்சு நிற்காமல் இருப்பதற்கு அது உதவுகிறது. பிறகு போலீஸ் வந்தால் அதுவே ஜாமீன் மனுவின் முதல் பத்தி. இதை நடிக்கச் சொன்னால் சுஷ்மிதா சென் பிரமாதமாக நடித்திருப்பார். முதல் பருவத்தில் ஓரிரு இடங்களில் செய்யவும் செய்கிறார். கான் விசாரிக்கும்போது அவர் கண்ணைப் பாருங்கள், பதில் சொல்லும் முன் ஒரு நொடி தாமதம் இருக்கும். எதைத் தெரியாது என்று சொல்லலாம் என்று தேர்ந்தெடுக்கும் தாமதம். எழுதியவர்கள் அந்த நொடியைத் தொடர்ந்து போகவில்லை, நடிகை மட்டும் போயிருக்கிறார்.

3 மார்ச்

“அப்படியானால் ஆர்யாவும் குற்றவாளிதான் என்கிறீர்களா?”

ஆமாம். அதனால் அவளைப் பிடிக்காமல் போகவில்லை. குற்றவாளிகளைப் பிடிக்காது என்றால் இந்த வகைத் தொடர்களையே பார்க்கக் கூடாது.

3 மார்ச், இரவு

பிள்ளைகள் சமாச்சாரம். ‘என் பிள்ளைகளுக்காக’ என்று ஆர்யா சொல்லும் ஒவ்வொரு தடவையும் ஒரு ரூபாய் உண்டியலில் போட்டிருந்தால் இந்நேரம் ஷெகாவத்தின் கடனை அடைத்திருக்கலாம். ஆண் தாதாக்களும் குடும்பத்துக்காக என்றுதான் சொல்கிறார்கள், ஆனால் அவர்கள் சொல்லும்போது நாம் சிரிக்கிறோம், கதையும் சேர்ந்து சிரிக்கிறது. பெண் சொன்னால் பின்னணியில் வயலின் வருகிறது. தாய்மை என்று ஒரு பாஸ் கொடுத்தால்தான் பார்ப்பவர்கள் உள்ளே விடுவார்கள் என்ற பயம் எழுதுபவர்களுக்கு. டச்சு மூலத்திலும் இதே பாஸ்தான். அதிகாரம் அவளுக்குப் பிடித்திருக்கிறது, அதில் அவள் கெட்டிக்காரி, பணமும் பிடிக்கும் என்று நேராகச் சொல்ல யாருக்கும் வாய் வரவில்லை. மூன்றாம் பருவத்தில் நளினி சாஹிபா (இலா அருண்) வரும்போது நிமிர்ந்து உட்கார்ந்தேன். அந்த அம்மா யாரிடமும் விளக்கம் சொல்வதில்லை. அவளை இன்னும் கொஞ்சம் காட்டியிருக்கலாம்.

அந்தப் பிள்ளைகளோ! ‘வீட்டை விட்டு வெளியே போகாதே’ என்றால் அடுத்த காட்சியில் வெளியே நிற்கிறார்கள். போதைக் கும்பலைச் சமாளித்துவிடலாம், வீட்டில் ஒரு டீனேஜ் பிள்ளையைச் சமாளிக்க முடியாது. இது மட்டும் நூறு சதம் யதார்த்தம்.

5 மார்ச்

வாரிசு விஷயத்தில் ஒருவர் நல்ல கேள்வி கேட்டிருக்கிறார்: தொழில் ஜோராவருடையது, மகன் சங்க்ராம் இருக்கிறான், மகளுக்கு எப்படிப் போகும்?

2005 திருத்தத்துக்குப் பிறகு இந்துக் கூட்டுக் குடும்பச் சொத்தில் மகளும் பிறப்பாலேயே பங்காளி. 2020 ஆகஸ்டில், அதாவது ‘ஆர்யா’ முதல் பருவம் வந்த இரண்டு மாதத்தில், திருத்தம் வந்த நாளில் அப்பா உயிரோடு இருந்தாரா இல்லையா என்பது பொருட்டல்ல என்று உச்ச நீதிமன்றமும் தீர்த்துச் சொல்லிவிட்டது. அபின் கடத்தலைப் பங்கு கேட்டு யாரும் பாகப்பிரிவினை வழக்குப் போட முடியாது என்பது வேறு. ஆனால் அந்த அப்பாவின் மனதில் 2005 நடக்கவே இல்லை, அதுதான் முதல் பருவத்தின் உண்மையான வில்லத்தனம். தேஜைக் கொல்ல ஆள் விட்டது அவரே என்று கடைசியில் தெரிகிறதே, அதன் அடியில் என்ன இருக்கிறது? குடும்பத் தொழிலைப் பற்றிய முடிவு மருமகனிடமோ மகளிடமோ இருக்கக் கூடாது. மகள் அழகாக உடுத்தி விழாவில் நிற்கலாம்.

அடுத்த பருவத்தில் அவள் அப்பாவுக்கும் சங்க்ராமுக்கும் எதிராகச் சாட்சி சொல்லத் திரும்பி வரும்போது, சாட்சிக் கூண்டும் பங்கு கேட்கும் இடம்தான் என்று எனக்குப் பட்டது. வசனமாக இதை யாரும் சொல்லவில்லை, நல்லவேளை.

அம்மா ராஜேஸ்வரி பற்றி யாருமே எழுதவில்லையே? அந்த வீட்டில் அதிக வருடம் ‘தெரியாமல்’ இருந்தவள் அவள்தான். எனக்கு அவளை வைத்து ஒரு முழுப் பருவம் வேண்டும்.

9 மார்ச்

“இவ்வளவு பேசுகிறீர்களே, நீங்கள் எடுத்தால் எப்படி ஆரம்பிப்பீர்கள்?”

சரி. முதல் காட்சி ஆடிட்டர் அலுவலகம். மின்விசிறி சத்தம். கணவன் சுடப்பட்டுச் சில நாள்தான் ஆகியிருக்கிறது. அவள் உள்ளே வருகிறாள், எல்லோரும் எழுந்து நிற்கிறார்கள், யாருக்கும் என்ன பேசுவதென்று தெரியவில்லை. அவள் தன் டோக்கனைக் கேட்கிறாள். அப்படி ஒன்று இருப்பது அவளுக்குத் தெரியும் என்பதே அங்கே உள்ளவர்களுக்கு முதல் அதிர்ச்சி. டிராயரில் தேடுகிறார்கள். அவள் பெயரில் மூன்று இருக்கிறது. இரண்டைப் பற்றி அவளுக்குத் தெரியும்.

அந்த மூன்றாவது கம்பெனி எது என்பதில் ஒரு பருவம் ஓட்டிவிடலாம்.

அப்புறம் ஆடிட்டர் தொண்டையைச் செருமிக்கொண்டு சொல்வார்: “அம்மா, துக்கத்தில் இருக்கீங்க, இருந்தாலும்... 20ஆம் தேதி ஜிஎஸ்டி கட்டணும்.” எதிரிக் கும்பல் வருவதற்கு முன்னால் 20ஆம் தேதி வந்துவிடும். கடத்தல் பணத்தை வெளுக்க வைத்திருக்கும் கம்பெனிதான் வரியை ஒரு நாள்கூடத் தவறாமல் கட்ட வேண்டும், இல்லையென்றால் யாராவது திரும்பிப் பார்ப்பார்கள். அவளும் அதைத்தான் முதலில் கேட்பாள்: “போன மாசம் எவ்வளவு காட்டினீங்க?”

9 மார்ச், இரவு

துப்பாக்கி எப்போது வரும் என்று கேட்பவர்களுக்கு: நான்காவது எபிசோட். அதுவும் லாக்கரில் இருக்கும், லாக்கர் அவள் பெயரில் இருக்கும்.